வாய்ப்பூட்டு வாரம்

அந்த அலுவலகத்தில் பொருளாதார மாதிரிக்கு மாமியார் என்று பெயர். யார் வைத்தார்கள் என்று யாருக்கும் நினைவில்லை. எதைக் கொண்டுபோய்க் கொடுத்தாலும் முதலில் ஒரு குறை சொல்லும். ஏன் என்று கேட்டால் பதில் வராது. ஆனாலும் அதைக் கேட்காமல் அங்கே ஒரு துரும்பும் நகராது. பெயர் ஒட்டிக்கொண்டதில் ஆச்சரியமில்லை. மத்திய வங்கியின் ஆறாவது மாடியில், ஆய்வுப் பிரிவின் கோடி அறையில் உட்கார்ந்து அந்த மாமியாரைப் பல வருடங்களாகக் கட்டிக்கொண்டு மாரடிப்பவள் அவள். ஆகவே அவளுக்கு மருமகள் என்று பெயர். "கல்யாணம் ஆகாமலே மருமகளானது உலகத்திலேயே நான் ஒருத்திதான்" என்று அவளே சொல்லிச் சிரிப்பாள். சிரிக்கும்போது நாற்பத்தேழு வயது தெரியாது. சிரித்து முடித்ததும் தெரியும்.

மாதிரி என்பது பெரிய மந்திரமில்லை. விலைவாசி எப்படிப் போகும் என்று கணிக்க, கம்ப்யூட்டரில் ஓடுகிற நூற்றுச்சொச்சம் சமன்பாடுகள், அவ்வளவுதான். குடும்பங்கள் எவ்வளவு செலவழிக்கும், கம்பெனிகள் எப்போது விலையை ஏற்றும், வங்கி எவ்வளவு வட்டியை நகர்த்தும் என்று ஆளுக்கொன்று. ஒன்றின் வாலை இன்னொன்று பிடித்துக்கொண்டிருக்கும். சிக்கல் எங்கே என்றால், அதற்குள் இருக்கும் மனிதர்கள் இன்றைக்கு நடப்பதை மட்டும் பார்த்து நடப்பவர்கள் இல்லை. நாளைக்கு விலை ஏறும் என்று தோன்றிவிட்டால் இன்றைக்கே நடையை மாற்றிக்கொள்வார்கள். அவர்கள் நடையை மாற்றுவதாலேயே நாளை வேறாகிவிடும். இந்தச் சுற்றுக்குள் புகுந்து, எல்லாச் சமன்பாடும் ஒரே நேரத்தில் ஒத்துப்போகிற ஒரு பாதையைப் பிடிப்பதுதான் அவள் வேலை. பிடிபடும்போது கிடைக்கிற சந்தோஷத்தை யாரிடமாவது சொல்லலாம் என்றால், அதைக் கேட்கக்கூடியவர்கள் நாட்டில் ஒரு அறைக்குள் அடங்கிவிடுவார்கள். அவர்களில் பாதிப் பேருக்கு அவளைப் பிடிக்காது.

காலாண்டுக்கு ஒரு முறை வட்டியை முடிவு செய்யும் குழு கூடும். அது கூடுவதற்கு முந்தைய நாட்களில் கணிப்பில் கைவைத்தவர்கள் யாரும் வட்டியைப் பற்றி வெளியில் மூச்சு விடக்கூடாது. பெண்டாட்டி பிள்ளையும் வெளியாள்தான். விதிமுறையில் இதற்கு நீளமான பெயர் உண்டு. ஆறாவது மாடியில் அதை வாய்ப்பூட்டு வாரம் என்பார்கள். "பேசாதே என்பதோடு விட்டார்களா? கேள்வி வரக்கூடிய இடங்களுக்குப் போவதையும் தவிர்க்கவும் என்று வேறு போட்டிருக்கிறார்கள்" என்று பக்கத்து மேசைக்காரர் ஒவ்வொரு முறையும் புலம்புவார். புள்ளிக்குப் பின்னால் இரண்டு இலக்கம் இல்லாமல் எந்த எண்ணையும் உச்சரிக்காத அவரை எல்லோரும் தசமம் என்று கூப்பிடுவார்கள்.

"என் மச்சான் கார் லோன் போடப்போறான். நேத்து ராத்திரி சாப்பிட உக்காந்தா, என் மூஞ்சியையே பாத்துக்கிட்டிருக்கான். எனக்குச் சோறு இறங்கல. உங்களுக்கென்ன மருமகளே, நிம்மதி. கேக்க ஆளில்ல."

அவர் வேண்டுமென்று சொல்லவில்லை. சொல்லிவிட்டு அடுத்த நிமிடம் மறந்தும் போனார். அவள்தான் அன்று மாலை பேருந்து ஜன்னலோரம் உட்கார்ந்து அதைத் திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டு போனாள்.

அம்மா போய் ஒரு வருடம் ஆகியிருந்தது. அம்மா இருந்தபோது வீட்டில் அப்படி ஒன்றும் கலகலப்பு இருந்ததில்லை. இருவரும் ஆளுக்கொரு அறையில் இருப்பார்கள். ஆனால் சாவியைப் போட்டுத் திறக்கும்போது உள்ளேயிருந்து "யாரு?" என்று ஒரு குரல் வரும். வேறு யார் வரப்போகிறார்கள் என்று அவள் எரிச்சல்படுவாள். இப்போது வேலைக்குக் கிளம்பும்போது வானொலியைப் போட்டுவிட்டுப் போகிறாள். திரும்பி வந்து கதவைத் திறந்தால் யாரோ யாரோடோ பேசிக்கொண்டிருப்பார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் வங்கி வாசலில் காவலாளி "போயிட்டு வாங்க மேடம்" என்று சொல்வதுதான் பல வாரங்களில் அவளிடம் மனிதர்கள் பேசும் கடைசிப் பேச்சு. மறுபடி திங்கட்கிழமை அவரே "வாங்க மேடம்" என்பார். நடுவில் ஒன்றும் கிடையாது.

அந்தக் காலாண்டில் மாமியார் ஆடித் தீர்த்துவிட்டாள். எரிபொருள் விலை ஏறியிருந்தது. கடைகளில் விலைப்பட்டைகள் மாறிக்கொண்டிருந்தன. விலை இன்னும் ஏறும் என்று மக்கள் நம்பத் தொடங்கிவிட்டால் பிறகு பிடிக்க முடியாது, வட்டியை இப்போதே கணிசமாக ஏற்ற வேண்டும் என்றது மாதிரி. அவள் எண்களை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தாள். எந்தப் பக்கம் திருப்பினாலும் அதே பதில். வெள்ளிக்கிழமை துறைத்தலைவர் படங்களைப் பார்த்துவிட்டு, "தெளிவா இருக்கு. வியாழக்கிழமை குழு முன்னாடி நீங்களே சொல்லிடுங்க" என்றார். அவளுக்கும் சந்தேகமில்லை. வட்டி ஏறும்.

மறுநாள் தம்பி கூப்பிட்டான்.

அவளுக்கு இருப்பது ஒரே தம்பி. லிஃப்ட் மெக்கானிக். நகரத்தில் பாதிக் கட்டடங்களின் வயிற்றுக்குள் போய் வந்தவன். பெண்டாட்டி பல் மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் இருந்தாள். இரண்டு பிள்ளைகள்.

"அக்கா, நாளைக்கு வாயேன். பசங்க அத்தை எங்க, அத்தை எங்கன்னு உயிரை எடுக்குதுங்க. கீழ் வீடு விஷயமும் ஒண்ணு இருக்கு. வா, சொல்றேன்."

இந்த வாரம் முடியாது, அடுத்த ஞாயிறு வருகிறேன் என்று சொல்லியிருக்க வேண்டும். அந்த வாக்கியம் நாக்கு நுனி வரை வந்தது. எதிரே ஞாயிற்றுக்கிழமை முழுசாக, விரித்த ஜமுக்காளம் மாதிரி வெறுமையாகக் கிடந்தது. "வரேன்டா" என்றாள்.

தம்பி ஒரு பழைய இரண்டு மாடி வீட்டின் மேல் தளத்தில் வாடகைக்கு இருந்தான். கீழே வீட்டுக்காரர். அவர் மகளோடு போய்த் தங்கப்போவதால் முழு வீட்டையும் விற்கிறார் என்பதுதான் விஷயம். உன்னிடம்தான் முதலில் கேட்கிறேன், புதன்கிழமைக்குள் சொல், இல்லாவிட்டால் இன்னொருவர் காத்திருக்கிறார் என்று சொல்லியிருந்தார். அவள் செருப்பைக் கழற்றுவதற்குள் தம்பி கையைப் பிடித்துக் கீழே இழுத்துக்கொண்டு போனான்.

"இங்க பாரு. இந்தச் சுவரு சும்மா தடுப்புதான். தட்டிப் பாரு, டொக்கு டொக்குன்னு கேக்குதா? இதை எடுத்துட்டா கூடம் இவ்வளவு பெருசாயிடும். பெரியவளுக்கு அந்த ரூம்."

"கதவு இருக்குற ரூம்" என்றாள் பெரியவள். பதினான்கு வயது.

"ஆமா, மகாராணிக்குக் கதவு இருக்குற ரூம். சாத்திக்கிட்டு உள்ள இருந்தே எங்களை முறைக்கலாம்."

சின்னவன் அந்தத் தடுப்புச் சுவரை உதைத்து உதைத்துப் பார்த்தான். தம்பி மனைவி வாசலில் நின்று கூடத்தின் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அங்கே என்ன திரை போடுவது என்பது வரைக்கும் அவள் மனதில் முடிவாகியிருந்தது என்று பார்த்தாலே தெரிந்தது.

சாப்பிட்டு முடித்துப் பிள்ளைகள் எழுந்து போனதும் தம்பி நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டான்.

"அக்கா, ஒண்ணே ஒண்ணு கேக்கவா?"

"கேக்காதே."

"நான் இன்னும் வாயையே திறக்கலையே!"

"நீ என்ன கேக்கப்போறேன்னு தெரியும்டா. வியாழக்கிழமை வரைக்கும் என்கிட்ட மழையைப் பத்திப் பேசு, மத்தியானத் தூக்கத்தைப் பத்திப் பேசு. அதை மட்டும் கேக்காதே."

"நான் புதன்கிழமை பதில் சொல்லணும். வியாழக்கிழமை உன்கிட்ட மழையைப் பத்திப் பேசி என்ன பிரயோஜனம்?" அவன் சிரித்தான். "வட்டி மாறுற கடன்தான் எங்களுக்குக் குடுக்கறாங்க. இப்ப இருக்குற வட்டின்னா இழுத்துப் பிடிச்சுக் கட்டிடலாம். ஏறிச்சுன்னா மூச்சு முட்டும். எங்க தொழில்ல ரெண்டே பட்டன்தான்க்கா, மேல, கீழ. நீ வாயால சொல்ல வேணாம். லேசா தலையை இப்படி..."

"டேய்!"

குரல் அவள் நினைத்ததைவிடக் கடுமையாக வந்துவிட்டது. பாத்திரம் எடுத்துக்கொண்டிருந்த தம்பி மனைவி அப்படியே நின்றாள்.

இதற்கு முன்னாலும் தம்பி கேட்டதுண்டு. அவள் வேலையைக் கிண்டல் செய்வதே அவனுக்குப் பொழுதுபோக்கு. "என்னக்கா, உங்க கம்ப்யூட்டர் என்ன சொல்லுது, தக்காளி விலை இறங்குமா?" என்பான். "எனக்கென்னடா தெரியும், உன் லிஃப்டைக் கேளு" என்று அவளும் திருப்பிக் கொடுப்பாள். அப்போதெல்லாம் உண்மையிலேயே அவளுக்கு ஒன்றும் தெரியாது. இப்போதும் அதே பதிலைச் சிரித்துக்கொண்டே சொல்லியிருந்தால் போதும். சிரிப்பு வரவில்லை. அந்த வாரம் முழுக்கப் பார்த்த படங்களெல்லாம் கண்ணுக்குள் நின்றன. ஏறுகிற கோட்டின் மேல் இந்தக் கூடமும் இந்த ஜன்னலும் இருந்தன. முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் தண்ணீர் டம்ளரை எடுத்துக் குடித்தாள். அது காலியாக இருந்தது.

தம்பி அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மெதுவாக, "சரி, விடு. மழை வரும்போலத்தான் இருக்கு" என்றான்.

புதன்கிழமை மதியம் அவனிடமிருந்து செய்தி வந்தது. "வேணாம்னு சொல்லிட்டோம்க்கா. எல்லாம் நல்லதுக்குத்தான்." அவள் அலுவலகத்தில் அதைப் படித்தாள். நெஞ்சில் அழுத்திக்கொண்டிருந்த ஏதோ ஒன்று இறங்கியது. ஒரு சொல் சொல்லவில்லை, விதியை மீறவில்லை, ஆனாலும் தம்பி தப்பித்துவிட்டான். "சரிடா" என்று மட்டும் பதில் போட்டாள். அன்று வெகுநாளைக்குப் பிறகு பசித்துச் சாப்பிட்டாள்.

வியாழக்கிழமை குழு கூடியது. நீளமான மேசை, ஒவ்வொருவர் முன்னாலும் ஒரு கண்ணாடிக் குவளை. அவள் திரையில் விசிறிப் படத்தைப் போட்டாள். இன்றைக்கு ஒற்றைக் கோடாக இருப்பது போகப்போக விசிறிபோல விரிந்துகொண்டே போகும். விரிய விரிய நமக்குத் தெரிந்தது குறைவு என்று அர்த்தம். வங்கி ஆளுநர் கேட்டார்:

"மக்கள் விலை ஏறும்னு நம்ப ஆரம்பிச்சுட்டாங்கன்னு எதை வெச்சுச் சொல்றீங்க?"

"போன ரெண்டு தடவை எரிபொருள் ஏறினப்ப அப்படித்தான் ஆச்சு சார். மாதிரி அதுலேருந்துதான் கத்துக்கிட்டிருக்கு."

மேசையின் கடைசியில் இருந்த உறுப்பினர், முன்னாள் பேராசிரியை, மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "இந்தத் தடவை துறைமுகத்துல எரிபொருள் விலை ஏற்கெனவே சரிய ஆரம்பிச்சிருக்கு. சின்னத் தொழிற்சாலைங்க ரெண்டாவது ஷிஃப்டை நிறுத்திட்டிருக்காங்க. இப்ப ஏத்தினா அடி அவங்களுக்குத்தான். ஒரு காலாண்டு பொறுக்கலாம்."

வாக்கெடுத்தார்கள். வட்டி அசையவில்லை.

அவள் படங்களை அடுக்கிக்கொண்டு வெளியே வந்தாள். தாழ்வாரத்தில் தசமம் பின்னாலேயே வந்து, "போகட்டும் விடுங்க. பூஜ்யம் புள்ளி பூஜ்யம் பூஜ்யம்" என்று ஆறுதல் சொன்னார். அவளுக்கு அது காதில் விழவில்லை. அந்த ஜன்னல்தான் நினைவில் இருந்தது.

அப்போதும் ஒரு நம்பிக்கை மிச்சமிருந்தது. குழு தவறு செய்திருக்கலாம். அடுத்த காலாண்டில் ஏற்றித்தான் ஆக வேண்டும். தம்பி எடுத்த முடிவு சரியென்று ஆகிவிடும். நாட்டில் விலை ஏற வேண்டும் என்று மனசுக்குள் ஒரு மூலை ஆசைப்படுவதைக் கண்டுபிடித்து அவளே திடுக்கிட்டாள். ஆனால் விலை ஏறவில்லை. பேராசிரியை சொன்ன மாதிரியே எரிபொருள் இறங்கியது, கடைகளில் விலைப்பட்டை மாற்றுவதும் ஓய்ந்தது. வருடம் முடிவதற்குள் வட்டியைக் குறைத்தார்கள்.

கணிப்பு தவறினால் ஏன் தவறியது என்று ஆராய்ந்து எழுத வேண்டும். அவளே எழுதினாள். விலை ஏற்றம் நிலைக்கும் என்று மக்கள் எதிர்பார்ப்பதாக மாதிரி எடுத்துக்கொண்டது, மக்கள் அப்படி எதிர்பார்க்கவில்லை என்பதுதான் சாரம். கூட்டத்தில் அதைச் சொன்னபோது, "மக்கள் பதறல, மாமியார்தான் பதறிட்டா" என்று யாரோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். துறைத்தலைவர், "கணிப்புன்னா அப்படித்தான். அடுத்த சுற்றுக்கு அந்தச் சமன்பாட்டைச் சரி பண்ணிடுங்க" என்றார். விஷயம் அதோடு முடிந்தது. யாரும் அவளைக் குற்றம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது.

வீட்டை வாங்கியவர் மேல் தளமும் தனக்கே வேண்டும் என்றார். தம்பி குடும்பத்தோடு நகரத்தின் மறு ஓரத்துக்குக் குடிபோனான். பெரியவள் இரண்டு பேருந்து மாறிப் பள்ளிக்கூடம் போக வேண்டியிருந்தது. சாமான் ஏற்றுகிற அன்று உதவிக்கு வரட்டுமா என்று அவள் தம்பியிடம் கேட்டாள். "ஆளுங்க இருக்காங்கக்கா, நீ ஏன் அலையறே" என்றான். எப்போதும்போலத்தான் பேசினான். ஆனால் எப்போதும்போல அவனாகக் கூப்பிடுவது குறைந்தது. அவள் கூப்பிட்டால் எடுப்பான். பிள்ளைகள் படிப்பு, தண்ணீர் வருகிறதா, உடம்பு எப்படி. பிறகு, "சரிக்கா, வெச்சிடறேன்."

அவளால் எதையும் விளக்கவும் முடியவில்லை. எனக்கு ஒன்றும் தெரியாது என்றால் பொய். ஏறும் என்றுதான் நானும் நம்பினேன், ஏமாந்தேன் என்றால், குழு முன்னால் வைத்த கணிப்பை வெளியில் சொன்னதாகும். அந்தக் காகிதங்கள் பல வருடம் கழித்துத்தான் வெளியே வரும். அதுவரைக்கும் தன் தம்பியிடம் தான் தவறாக நினைத்துவிட்டேன் என்று சொல்லக்கூட அவளுக்கு உரிமையில்லை.

ஒரு சனிக்கிழமை, சொல்லாமல் கொள்ளாமல் அங்கே போய் நின்றாள். கதவைத் திறந்தவள் தம்பி மனைவி.

"வாங்கக்கா." குரலில் கோபமில்லை, வரவேற்பும் இல்லை. "அவர் ஒரு ஆஸ்பத்திரியில லிஃப்ட் நின்னுபோச்சுன்னு போயிருக்காரு. பசங்க கிளாஸுக்குப் போயிருக்குங்க."

சின்னக் கூடம். கட்டு அவிழ்க்காத இரண்டு பெட்டிகள் இன்னும் ஓரமாக இருந்தன. தம்பி மனைவி தேநீர் கொண்டுவந்து வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"நான் ஒண்ணு கேக்கட்டுமாக்கா? வட்டி பத்தி இல்ல."

"கேளு."

"உங்களால சொல்ல முடியாதுன்னு எங்களுக்கு நல்லாத் தெரியும். வேலைன்னா அப்படித்தான். அதுக்காக நான் கோவப்படல. உங்க மூஞ்சியைப் பாத்து முடிவெடுத்தது நாங்கதான். நீங்க சொல்லல." அவள் சேலைத் தலைப்பின் நுனியைச் சுருட்டி விரித்தாள். "ஆனா அன்னிக்கு ஏன் வந்தீங்க? வீட்டு விஷயம்னு போன்லயே சொன்னாரு இல்ல? இந்த வாரம் வர முடியாதுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, நாங்க எங்க கணக்கை நாங்களே போட்டிருப்போம். எங்க ரெண்டு பேருக்கும் வாங்கணும்னுதான் இருந்துச்சு."

இந்தக் கேள்வியை அவள் எதிர்பார்க்கவில்லை. மற்ற எல்லாக் கேள்விக்கும் பதில் தயாராக வைத்திருந்தாள். விதிமுறை, பொறுப்பு, யாருக்கும் தெரியாத எதிர்காலம். இதற்கு அதில் எதுவும் உதவவில்லை.

"ஞாயித்துக்கிழமை" என்றாள். "வீட்ல யாருமில்ல. வெள்ளிக்கிழமையிலேருந்து யார்கிட்டயும் ஒரு வார்த்தை பேசல. தம்பி வான்னு கூப்பிட்டதும்... வரணும்போல இருந்துச்சு. வரக்கூடாதுன்னு தெரியும். தெரிஞ்சுதான் வந்தேன்."

தம்பி மனைவி இப்படி ஒரு பதிலை எதிர்பார்த்திருக்க மாட்டாள். கோபத்தை வைத்துக்கொள்ளவும் முடியாமல், கீழே போடவும் மனமில்லாமல் உட்கார்ந்திருந்தாள். கடைசியில் எழுந்து, ஆறிப்போன தேநீரை எடுத்துக்கொண்டு உள்ளே போய் வேறு போட்டுக்கொண்டு வந்தாள்.

"சூடா குடிங்க" என்றாள். "வரதுன்னா முன்னாடி ஒரு போன் போட்டுட்டு வாங்க. நாங்க இல்லாம இருந்தா வீணா அலைச்சல்."

தம்பி வந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. கையெல்லாம் மசகு. அக்காவைப் பார்த்ததும் ஒரு கணம் தயங்கி, பிறகு, "எப்ப வந்தே? சாப்பிட்டியா?" என்றான். ஆஸ்பத்திரியில் லிஃப்டுக்குள் ஒரு டாக்டரும் ஒரு கிழவரும் மாட்டிக்கொண்டதையும், கிழவர் டாக்டருக்குத் தைரியம் சொன்னதையும் சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள். பிள்ளைகள் வந்தன. பெரியவள் "ஹாய் அத்தை" என்று சொல்லிவிட்டு, கதவில்லாத மூலையில் போய்ச் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

அவள் காத்திருந்தாள். எப்போதாவது நடுவில் தம்பி, "அப்புறம், உங்க கம்ப்யூட்டர் என்ன சொல்லுது?" என்று கேட்பான் என்று. கேட்கவில்லை. பேச்சு அந்தப் பக்கம் வரும்போதெல்லாம் பள்ளம் பார்த்து வண்டி ஓட்டுவதுபோல லாவகமாக ஒதுங்கிப் போனான். அது கோபமில்லை, அவளுக்குச் சிரமம் வைக்க வேண்டாம் என்று அவன் எடுத்த முடிவு. அன்பாகத்தான் எடுத்திருந்தான். அன்றைக்கு மட்டுமில்லை, அதற்குப் பிறகும் அவன் அவள் வேலையைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டதில்லை.

கிளம்பும்போது பேருந்து நிறுத்தம் வரைக்கும் துணைக்கு வந்தான். புதுத் தெரு, பாதி விளக்குகள் எரியவில்லை. பேருந்து வந்ததும் அவன் ஓட்டுநரிடம், "எங்கக்கா, கடைசி ஸ்டாப் வரைக்கும் போறாங்க, பாத்து இறக்கி விடுங்க" என்று சின்னப் பெண்ணை ஏற்றிவிடுவதுபோலச் சொன்னான். அவள் ஜன்னல் பக்கம் உட்கார்ந்து கையை அசைத்தாள். அவன் அதற்குள் திரும்பி நடக்கத் தொடங்கியிருந்தான். பார்த்தானா இல்லையா என்று தெரியவில்லை. பேருந்தில் அவளைத் தவிர வேறு யாருமில்லை. கொஞ்ச தூரம் போனதும் ஓட்டுநர் கண்ணாடியில் அவளைப் பார்த்து, "தூக்கம் வந்தா தூங்குங்கம்மா, நான் எழுப்பறேன்" என்றார்.

"பரவாயில்ல, முழிச்சுக்கிட்டே வரேன்" என்றாள் அவள். இன்னும் ஏதாவது பேசுவாரா என்று பார்த்தாள். அவர் சாலையைப் பார்க்கத் தொடங்கிவிட்டார்.